நெட்டையன் நிழல்

சந்தனமாரி நூற்றுப் பன்னிரண்டாம் வரிசையில் நாலாவது சோலார் பேனலைத் துடைத்துக்கொண்டிருந்தாள், நீளக் கம்பில் கட்டின பஞ்சை வாளியில் முக்கி மேலேயிருந்து கீழே ஒரு இழு, பிறகு ரப்பர் பட்டையால் அதே வாக்கில் இன்னொரு இழு, அந்த இரண்டு இழுப்பில் புழுதியும் மைனா எச்சமும் போய்க் கண்ணாடி பளபளத்தது, பனையோலையின் நிழல் மட்டும் போகவில்லை. அது போகாது என்று அவளுக்குத் தெரியும். அன்றைக்குக் காலையில்தான் வந்து சேர்ந்திருந்த சூப்பர்வைசர் கோகுலுக்குத் தெரியாது.

"இன்னும் கொஞ்சம் அழுத்தித் தேய்ங்கம்மா, கறை அப்படியே இருக்குதுல்ல."

"அழுக்கில்ல சார், நெழலு" என்று சந்தனமாரி தரையைப் பார்த்துச் சொன்னாள்.

கோகுல் நிமிர்ந்து வானத்தைப் பார்த்தான், சுற்றிப் பார்த்தான், பார்வை எட்டின மட்டும் நீலப் பேனல்கள்தான், ஒரு செடி கூடக் கிடையாது. "எதோட நிழலு?"

சந்தனமாரி பஞ்சை வாளியில் முக்கினாள், பக்கத்து வரிசையில் துடைத்துக்கொண்டிருந்த அவள் நாத்தனார் குருவம்மா கம்பை ஊன்றிக்கொண்டு பதில் சொன்னாள். "பனையோடது சார். மரம் போயி ஒன்றரை வருசமாச்சு, நெழலுதான் இன்னும் போவல. நீங்க எந்தூரு?"

"நாமக்கல்லுங்க."

"அங்கெல்லாம் மரத்த வெட்டுனா நெழலும் கூடவே போயிருமோ?"

"போயிரும்."

"குடுத்து வச்ச ஊரு" என்று சொல்லிவிட்டுக் குருவம்மா தன் வரிசைக்குத் திரும்பிக்கொண்டாள்.

வெள்ளரியேந்தல் பனங்காடு ஊர்க்காரர்களுடையது இல்லை, மதுரையில் இருந்த யார் யாருடையதோ, ஊர்க்காரர்கள் அதைக் குத்தகைப் பாட்டத்துக்கு எடுத்து ஏறி இறங்கினவர்கள்தான், அதனால் காடு கம்பெனி கைக்குப் போனதே அவர்களுக்கு மூன்றாம் ஆள் சொல்லித்தான் தெரியும், தெரிந்தபோதும் யாரும் பதறவில்லை, முதலில் கூட்டம் போட்டுக் கருத்துக் கேட்பார்கள், வெட்டுவதற்கு ஆறு மாசம் ஆகும், அதற்குள் சொல்லவேண்டியதை மரங்களுக்குச் சொல்லிவிடலாம் என்று இருந்தார்கள். கார்த்திகை மாசத்தில் ஒரு நாள் மூன்று வேன் வந்தது, ஊரையே அள்ளிக்கொண்டு டவுன் கல்யாண மண்டபத்துக்குப் போனது, ஒருத்தர் மைக்கில் பேசினார், பேசினது முடிந்ததும் பிரியாணி போட்டார்கள், இலையில் முட்டை இருந்தது, பிள்ளைகள் இரண்டாவது முட்டை கேட்டார்கள், அதுவும் கிடைத்தது, சாயங்காலம் வேன் ஊருக்குள் திரும்பும்போது பனைகள் அத்தனையும் தரையில் கிடந்தன, ஜேசிபிக்காரன் வண்டியைக் கழுவிக்கொண்டிருந்தான்.

பெண்கள்தான் முதலில் வாயில் அடித்துக்கொண்டார்கள். அந்த ஊரில் ஒரு பனையை வெட்டப் போகிறார்கள் என்றால் அதில் ஏறுகிறவனைக் கட்டினவள் உச்சிப் பொழுதில் போய், மரத்தின் அடியில் வாயை வைத்து, மரத்தின் பேரையும் தன் புருசன் பேரையும் சொல்லி, உன் வேலை முடிஞ்சுது, இவர் வேலையும் முடிஞ்சுது, இருக்கிறதெல்லாம் இறங்கிப் போங்க என்று சொல்லவேண்டும். கட்டினவன் பேரை ஒரு பெண் வாய்விட்டுச் சொல்லலாம் என்கிற ஒரே இடம் அதுதான், ஆயுசில் இரண்டு தடவையோ மூன்று தடவையோ வாய்க்கும், சிலருக்கு வாய்க்கவே வாய்க்காது. அன்றைக்கு உச்சிப் பொழுதில் ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் மண்டபத்தில் எலும்பு கடித்துக்கொண்டிருந்தார்கள். ஆகவே தாங்கள் வெட்டப்பட்டது மரங்களுக்குத் தெரியாமல் போயிற்று.

மறுநாள் காலையில் ஆடுகள் வழக்கமான இடத்தில் போய் வழக்கம்போலப் படுத்தன, வெயிலில் ஏன் படுத்திருக்கிறது இந்தக் கழுதைகள் என்று விரட்டப் போனவர்கள் தலையில் குளுமை இறங்கினதும் அப்படியே நின்றார்கள், தரையில் எழுநூறு எண்ணூறு பனைகள் நிழலாகத் தலையை விரித்துக்கொண்டு நீளநீளமாகக் கிடந்தன, காற்றடித்தால் ஓலை அசைந்தது, பொழுது ஏற ஏற மடங்கி, பொழுது சாயச் சாய அந்தப் பக்கம் நீண்டது. மூன்று நாள் பயந்தார்கள். நாலாவது நாள் சீட்டாடுகிறவர்கள் துண்டை விரித்து உட்கார்ந்தார்கள், நிழல் நகர நகரத் துண்டையும் சீட்டையும் நகர்த்திக்கொண்டே காலையில் மேற்கே ஆரம்பித்த ஆட்டத்தைச் சாயங்காலம் கிழக்கே முடித்தார்கள், மினிபஸ் டிரைவர் நிழலில் நிறுத்தினால்தான் உட்காருகிற சீட்டு சுடுவதில்லை என்று நிறுத்தத்தையே மாற்றிக்கொண்டான், மீன்காரி கூடையை இறக்கினாள், ஒரு பெண்ணுக்கு அங்கேயே வைத்துப் பூ முடித்தார்கள், ஆவணி மாசத்தில் பழம் விழுகிற சத்தம் தொப் தொப்பென்று கேட்கும், தரையில் ஒன்றும் இருக்காது, ஆனாலும் ஊர் முழுக்கத் தலையைக் குனிந்துதான் நடந்தது. கம்பெனிக்காரர்கள் நிழல் மேலேயே கம்பி நட்டுப் பேனல் வைத்தார்கள், பாதி நேரம் பேனல் தூங்கியது, கம்பெனி முதலில் சோப்பு அனுப்பியது, பிறகு வேறு சோப்பு அனுப்பியது, பிறகு பறக்கிற கேமராவை அனுப்பியது, கேமராவில் பனங்காடு அழகாக விழுந்திருந்தது.

அந்த எண்ணூறில் ஒரு மரத்தின் கொண்டையில் மட்டும் ஓர் ஆள் இருந்தான்.

ஊரிலேயே உயரமான மரம் அது, நெட்டையன் என்று பேர், மூன்று வருசத்துக்கு முன்னால் ஒரு மாசி மாசத்தில் அதிலிருந்துதான் சந்தனமாரியின் புருசன் விழுந்து செத்தான். அவன் ஏறின மற்ற ஆறு மரமும் குருவம்மாவின் வீட்டுக்காரர் கைக்கு மாறின, நெட்டையனில் மட்டும் அதற்குப் பிறகு யாரும் கால் வைக்கவில்லை. விழுந்தது உடம்பு மட்டும்தான், நிழல் மேலேயே தங்கிவிட்டது என்பது மரம் இருந்த வரைக்கும் யாருக்கும் தெரியவில்லை, ஓலை நிழலோடு நிழலாகக் கிடந்திருக்கிறது, மரம் போன பிறகுதான் துலக்கமாகத் தெரிந்தது, அரிவாள் பெட்டி இடுப்பில் ஆட, குத்தவைத்து உட்கார்ந்து பாளை சீவிக்கொண்டிருந்தான், நடுவில் ஒரு தடவை கன்னத்தைத் தோளில் துடைத்தான்.

"எந்தம்பிதான். வேர்வைய அவந்தான் அப்படித் தொடைப்பான்" என்று குருவம்மா அந்த இடத்திலேயே உட்கார்ந்து அழுதாள், அழுது முடித்துவிட்டு, "எல, ஒம் பொண்டாட்டி இங்க கூலிக்குத் தண்ணி சொமக்கா, நீ மேல குத்தவச்சிருக்கியாக்கும்" என்று வைதாள், அன்றிலிருந்து தினமும் வேலைக்கு வரும்போது ஒரு தரம் வைதுவிட்டுத்தான் கம்பைத் தொட்டாள். சந்தனமாரி அழவுமில்லை, வையவுமில்லை. நெட்டையன் கொண்டை எந்த வரிசையில் விழுகிறதோ அந்த வரிசையைத் தனக்கென்று கேட்டு வாங்கிக்கொண்டாள், அந்தப் பேனலைக் கடைசியாகத் துடைத்தாள், எல்லாப் பேனலுக்கும் இரண்டு இழு என்றால் அதற்கு மட்டும் பத்துப் பதினைந்து, ஈரப் பஞ்சு அவன் முதுகில் மெள்ள மெள்ளப் போய் வரும்.

அவன் விழுந்தபோது அவள் வயிற்றில் ஏழு மாசம். பிறந்த பெண்ணுக்குக் கனிஷ்கா என்று பேர் வைத்தாலும் வாயில் வருவது பாப்பாதான். வீட்டில் விட ஆளில்லாமல் வேலைக்குத் தூக்கிக்கொண்டே வந்தாள், பேனலுக்கு அடியில் சாக்கு விரித்து உட்காரவைத்தாள், பாப்பா பேச்சுக் கற்றுக்கொண்டதும் அங்கேதான், அம்மா, தண்ணி, காக்கா, அப்புறம் அத்தை கை நீட்டிச் சொல்லிக்கொடுத்தபடி, அப்பா. போன ஆவணியில் ஒரு நாள் சந்தனமாரி வாளி நிறைத்துத் திரும்பும்போது நெட்டையனின் கொண்டை நகர்ந்து வந்து பாப்பா வெளியே வந்து உட்கார்ந்திருந்த வெட்டவெளியை மூடிக்கொண்டிருந்தது, அவன் அரிவாளைப் பெட்டியில் போட்டான், குனிந்தான், இரண்டு கையையும் நீட்டிப் பாப்பாவின் நிழலைத் தூக்கினான், அது அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டது. வாளியைப் போட்டுவிட்டு அவள் ஓடி வருவதற்குள் கொண்டை நகர்ந்துபோய்விட்டது, பாப்பா உட்கார்ந்த இடத்திலேயே உட்கார்ந்திருந்தாள், வெயில் முழுசாக அவள் மேல் அடித்தது, தரையில் ஒன்றுமில்லை.

அன்றிலிருந்து பாப்பா பேசவில்லை.

முதலில் ஊர், இது வளரும்போது சரியாகிவிடும் என்றது. பிறகு திருநீறு போட்டது. ஆரம்ப சுகாதார நிலையத்து டாக்டர் குழந்தையை வெளியே கூட்டிப்போய் நிறுத்திப் பார்த்தார், உள்ளே வந்து கை கழுவினார், "நிழலுக்கு எங்கிட்ட மருந்தில்லம்மா, ரத்தம் கம்மியா இருக்கு, அதுக்கு வேணா தாரேன்" என்று சிவப்பு டானிக் கொடுத்தார். பாப்பா கொடுத்ததைக் குடித்தாள், ஊட்டினதைத் தின்றாள், ஒட்டவில்லை. அங்கன்வாடியில் மாசாமாசம் தூக்கித் தராசில் வைத்தார்கள், மாசாமாசம் முள் பின்னால் போனது, பங்குனியில் டீச்சர் அட்டையில் சிவப்புப் பேனாவால் கோடு இழுத்துவிட்டு, "இப்படியே போனா இன்னும் ரெண்டு மாசம் தாங்குமான்னு சொல்ல முடியாது மாரி" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள். சந்தனமாரி தினமும் அந்தப் பேனலைத் துடைக்கும்போது மட்டும், வேறு யாருக்கும் கேட்காத குரலில், "பாப்பாவ எறக்கி விடுங்க, பாப்பாவ எறக்கி விடுங்க" என்று சொல்லிக்கொண்டே துடைத்தாள். அவன் காதில் விழவில்லை. பனைக்கு எது சொன்னாலும் அடியில்தான் சொல்லவேண்டும், நிழலானாலும் பனை பனைதான், அடியில் சொல்லலாம் என்றால் அது மரத்துக்குக் கேட்கும், எண்பதடி தள்ளிக் கொண்டையில் இருக்கிறவனுக்கு எப்படிக் கேட்கும்?

இந்த நிலைமையில்தான் கோகுல் வந்தான். நல்ல பையன், வந்த ஒரு வாரத்திலேயே இளைத்தான். "ஒரு பேனல் மறைஞ்சா அந்த வரிசையே படுத்துருதுக்கா, மேல இருந்து என்னையப் போட்டு வறுக்கிறாங்க" என்று குருவம்மாவிடம் புலம்ப, அவள் இரக்கப்பட்டு விசயத்தைச் சொல்லிவிட்டாள், மரங்களுக்கு யாரும் சொல்லவில்லை, அதனால் நிற்கிறது, சொன்னால் போகும். இவ்வளவுதானா என்று அவன் அன்றைக்கு மத்தியானமே ஊர்ப் பெண்களைக் கும்பிட்டுக் கூப்பிட்டான். சொல்லாமல் விட்ட பாவம் அவர்களையும் அரித்துக்கொண்டுதான் இருந்தது. ஒவ்வொருத்தியும் போய் அடிக்கட்டை இருந்த இடத்தில் குப்புறப் படுத்து மண்ணோடு வாயை வைத்துச் சொன்னாள், சொல்லச் சொல்ல ஈரத்துணி காய்கிற மாதிரி ஓரத்திலிருந்து நிழல் உலர்ந்து போனது.

குருவம்மா முறை வந்தபோது கேட்டில் செக்யூரிட்டி உடுப்பில் நின்றிருந்த அவள் புருசன் காதைப் பொத்திக்கொண்டார். அவள் முதல் மரத்தில் வெட்கப்பட்டுச் சொன்னாள், இரண்டாவது மரத்தில் சிரித்துக்கொண்டு சொன்னாள், மூன்றாவது மரத்துக்கு மண்ணில் சொல்லி முடித்துவிட்டு எழுந்து நின்று கேட்டைப் பார்த்தே, "பரமசிவம்! ஏ பரமசிவம்! ஒம்ம வேல முடிஞ்சுது வே!" என்று கூவினாள். "சவத்து மூதி, வீட்டுக்கு வா, பேசிக்கிடுதேன்" என்றார் அவர். பெண்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அந்த மரம் போகும்போது கொண்டையில் ஒரு காக்காக் கூட்டின் நிழல் இருந்தது, மூன்று குஞ்சுகள் வாயைத் திறந்துகொண்டு இருந்தன, கூடும் குஞ்சுமாக அதுவும் சேர்ந்தே உலர்ந்தது. சிரிப்புச் சட்டென்று நின்றது. எல்லாரும் சந்தனமாரியைப் பார்த்தார்கள். அவள் பாப்பாவை இடுப்பில் இறுக்கிக்கொண்டு வீட்டுக்கு நடந்தாள்.

பங்குனி முடிய இரண்டு நாள் இருக்கும்போது வெள்ளரியேந்தலில் மிச்சம் இருந்தது நெட்டையன் ஒருத்தன்தான். அந்த ஒரு நிழலில் ஊர் முழுக்க வந்து அடைந்துகொண்டது, ஆடுகளும் சீட்டாட்டமும் மீன்கூடையும் வரிசையாக அந்த நீளக் கோட்டில் உட்கார்ந்தன, மினிபஸ் தலையை மட்டும் நுழைத்துக்கொண்டு நின்றது, ஆட்டு முதுகு மேலும் சீட்டுக்கட்டு மேலும் சந்தனமாரியின் புருசன் குத்தவைத்துப் பாளை சீவிக்கொண்டிருந்தான், அவன் கழுத்தில் அந்தச் சின்ன நிழல் தொங்கிக்கொண்டிருந்தது, பார்த்தும் பார்க்காத மாதிரி அவர்கள் சீட்டை இறக்கினார்கள்.

"ஏம்மா மாரி, இது ஒண்ணாவது ஊருக்குக் கெடக்கட்டுமே" என்று சீட்டாடுகிறவர்கள் சொன்னார்கள்.

"அக்கா, இது ஒண்ணு போயிட்டா நான் ஊருக்குப் போயிருவேங்க, எனக்கும் சின்னக் குழந்தை இருக்குது" என்று கோகுல் சொன்னான்.

குருவம்மா ராத்திரிச் சாப்பாட்டுக்குக் குழம்பு கொண்டுவந்து கொடுக்கிற சாக்கில் வாசலிலேயே நின்றாள். "ஏளா, அவன் போயிட்டான்னா நான் காலைல யார வைவேன்?"

"பாப்பா போயிருவா மதினி" என்றாள் சந்தனமாரி.

"மரத்தோட சேத்து பாப்பா நெழலும் போச்சுன்னா? குஞ்சு போனத நீயும் பாத்தல்லா?"

"மரத்துக்குச் சொல்லுறதுக்கு முன்னால அவுகளுக்குச் சொல்லணும். அவுக பிள்ளைய எறக்கி விடணும். அப்புறந்தான் மரம்."

"அவனுக்கு எப்படிளா கேக்கும்?"

சந்தனமாரி அதற்குப் பதில் வைத்திருந்தாள், பேசிப் பழக்கமில்லாததால் யாரும் அவளைக் கேட்டதில்லை. தினமும் மத்தியானம் கஞ்சி குடிக்க உட்காருகிறபோது அவள் நெட்டையனைப் பார்த்துக்கொண்டுதான் குடித்தாள், தை மாசத்தில் உச்சிப் பொழுதுக்குக் கொண்டை வடக்கே இருந்த வாய்க்காலுக்குப் பக்கத்தில் கிடந்தது, மாசியில் முள்வேலிக்கு வந்தது, பங்குனியில் அடியிலிருந்து இரண்டு வரிசை தள்ளி வந்துவிட்டது, தினம் அரைச் சாண், ஒரு சாண் என்று அடியை நோக்கி வந்துகொண்டே இருந்தது, சித்திரை பிறக்கிற அன்றைக்கு உச்சியில் சூரியன் நேர் தலைக்கு மேல் வரும், மனுசன் நிழல் மனுசன் காலுக்குள்ளேயே ஒடுங்கும், மரத்தின் நிழலும் அப்படித்தான் ஒடுங்கவேண்டும், அப்போது கொண்டையும் அடியும் ஓரிடத்தில் இருக்கும். ஒரு நிமிசமோ இரண்டு நிமிசமோ. அந்த நேரத்தில் அடியில் வாய் வைத்துச் சொன்னால் அவனுக்குக் கேட்காமல் எப்படி இருக்கும்?

"அப்ப சொல்லு" என்றாள் குருவம்மா, சொல்லிவிட்டு முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். "பேரு சொல்லணும்லா. ஒனக்கு வருமா?"

அதுதான் அவளுக்கும் தெரியவில்லை. கல்யாணமாகி ஒரு வருசம், அந்த ஒரு வருசமும் அவன் கேட்டுக் கேட்டுப் பார்த்திருக்கிறான், ஒரு தடவை சொல்லு, யாருக்கும் சொல்லமாட்டேன், காதுக்குள்ள சொல்லு போதும் என்று முந்தானையைப் பிடித்துக்கொண்டு விடாமல் கெஞ்சியிருக்கிறான், அவள் முகத்தை மூடிக்கொண்டு தலையைத்தான் ஆட்டுவாள், ரேசன் கடையில் குடும்பத் தலைவர் பேர் கேட்டபோது கூட அட்டையைத் தூக்கிக் காட்டினவள், அவன் விழுந்தான் என்று ஓடிப்போனபோது சுற்றி நின்றவர்கள் எல்லாம் பேர் சொல்லிக் கூப்பிட்டு எழுப்பினார்கள், அவள் ஒருத்திதான் ஏங்க, ஏங்க என்று கூப்பிட்டாள், அவன் யாருக்கும் எழுந்திருக்கவில்லை.

அந்த இரண்டு நாளும் அடுப்படியில் புகைக்குள் உட்கார்ந்து சொல்லிப் பார்த்தாள். உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை.

சித்திரை முதல் நாள் ஊரில் பாயசம் வைத்தார்கள், ஒருத்தரும் வீட்டில் உட்கார்ந்து குடிக்கவில்லை, உச்சிக்கு முன்னாலேயே எல்லாரும் காட்டுக்கு வந்துவிட்டார்கள், ஆட்டை யாரோ ஓட்டிப்போயிருந்தார்கள், சீட்டை மடித்து வைத்திருந்தார்கள், கோகுல் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு தள்ளி நின்றான். சந்தனமாரி பாப்பாவைக் குளிப்பாட்டி, புதுக் கவுன் போட்டுத் தூக்கி வந்தாள், தூக்குகிற கைக்குக் கனமே தெரியவில்லை, ஒரு காலிக் கூடையைத் தூக்கி வருகிற மாதிரி இருந்தது. நெட்டையன் நின்ற இடத்தில் மண் மேடாக இருந்தது. பாப்பாவை மேட்டுக்கு இந்தப் பக்கம் குருவம்மாவின் காலடியில் நிறுத்தினாள், தான் அந்தப் பக்கம் மண்டி போட்டாள்.

நிழல் வந்தது. எண்பதடியும் சுருங்கிச் சுருங்கி, தடி போய், கழுத்துப் போய், ஓலைகள் மட்டும் ஒரு வட்டமாக அந்த மேட்டின் மேல் வந்து கூடின, அந்த வட்டத்துக்கு நடுவில் அவன் உட்கார்ந்திருந்தான், அவ்வளவு கிட்டத்தில், கையை நீட்டினால் தொடுகிற தூரத்தில், இத்தனை நாளாக அவள் துடைத்தும் தொடாத முதுகு, அரிவாள் ஓடிக்கொண்டிருந்தது, சின்ன நிழல் அவன் தோளில் தலை வைத்துத் தூங்குகிற மாதிரி இருந்தது. சுற்றி நின்றவர்கள் காலடியில் யாருக்கும் நிழலில்லை, அந்த ஒரு நேரத்துக்கு ஊர் முழுக்கப் பாப்பா மாதிரியே நின்றது.

சந்தனமாரி குனிந்து மண்ணில் வாயை வைத்தாள். பேச்சு வராது என்று பயந்ததெல்லாம் பொய்யாகப் போயிற்று, "நெட்டையா" என்றாள், மரம் கேட்டுக்கொண்டது, ஓலை ஆட்டம் நின்றது, அரிவாளும் நின்றது, அவன் யாரோ கீழே வந்திருக்கிறார்கள் என்கிற மாதிரித் தலையைச் சாய்த்தான். "பாப்பாவ எறக்கி விடுங்க" என்றாள், "ஒங்களுக்கு ஒண்ணும் தெரியாது, யாரும் ஒங்கட்டச் சொல்லல, நாங்கூடச் சொல்லல, ஒங்க வேல முடிஞ்சு மூணு வருசமாச்சு" என்றாள், அவன் அசையவில்லை, வட்டம் கிழக்குப் பக்கம் ஒரு நூல் நீண்டது, நேரம் போய்க்கொண்டிருந்தது, குருவம்மா "ஏளா, பேரு, பேரு" என்று கத்தினாள், சந்தனமாரி கண்ணை மூடிக்கொண்டாள், வாயெல்லாம் மண், "லிங்க" என்று வந்தது, "லிங்கத்" என்று வந்தது, அவ்வளவுதான் வந்தது, அதற்குள் மண்ணில் வைத்திருந்த அவள் கன்னத்துக்குப் பக்கத்தில் ஏதோ குளுமையாக அசைந்தது, கண்ணைத் திறந்து பார்த்தாள், தன் பேர் அவள் வாயிலிருந்து வருவதைக் கேட்ட அவன் முழுசாகத் திரும்பியிருந்தான், அவளைப் பார்த்துத்தான் திரும்பியிருந்தான், இரண்டு கையும் கீழே நீண்டிருந்தன, கழுத்தில் ஒன்றுமில்லை, மிச்ச எழுத்துகள் அவள் நாக்கின் நுனியில் நின்றன, அவற்றையும் சொல்லிவிட்டால் எல்லாம் முடிந்தது, மரமும் போகும், அவனும் போவான், அவள் மூச்சை இழுத்து வாயைத் திறக்கிற நேரத்தில் மேட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து, எட்டு மாசமாகக் கேட்காத குரல், "அம்மா, சுடுது, தூக்கு" என்று வீறிட்டுக் கூப்பிட, சந்தனமாரி அப்படியே கையை ஊன்றி எழுந்து, மிச்ச எழுத்துகள் நாக்கிலேயே நிற்க, மேட்டைத் தாண்டிப் பாப்பாவைத் தூக்கிக்கொண்டாள்.